முறுக்கைப் பிரிக்காதீர்கள்! – வாசகர் கேள்வி பதில்

போன இதழில், காருக்குள் இருக்கும் கம்ப்யூட்டர்களை ஒயரால் இணைக்கும் ஈத்தர்நெட்டையும் அதற்கென்றே செய்யும் தனிச் சிப்பையும் பற்றி அரைப் பக்கம்தான் எழுதினேன். அதற்கு வந்த கடிதங்களையும் வாட்ஸ்அப் செய்திகளையும் படித்து முடிக்கவே இரண்டு ராத்திரி ஆகிவிட்டது. எல்லாவற்றுக்கும் இங்கே இடமில்லை, பலரும் திரும்பத் திரும்பக் கேட்டவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: காரில் ஈத்தர்நெட் என்கிறீர்களே, வீட்டில் ரவுட்டரிலிருந்து கம்ப்யூட்டருக்கு மாட்டும் அந்த நீலக் கேபிள்தானா? அதையே காருக்குள் இழுத்துவிட்டால் போயிற்றே, தனியாகச் சிப் எதற்கு? (பொறியியல் மாணவி, கோவை)

அப்படி இழுத்தும் பார்த்தார்கள்! 2008-ல் வந்த பிஎம்டபிள்யூ 7 சீரிஸ் காரில், சர்வீஸுக்கு வரும்போது மென்பொருள் ஏற்றுவதற்காக ஆபீஸ் ஈத்தர்நெட்டையே வைத்தார்கள். வண்டி நிற்கும்போது மட்டும்தான் அது வேலை செய்யும். ஓடுகிற வண்டியில் அதை ஏன் வைக்கவில்லை என்பதில்தான் உங்கள் கேள்விக்கான பதில் இருக்கிறது.

அந்த நீலக் கேபிளை ஒருமுறை வெட்டிப் பாருங்கள். உள்ளே எட்டு ஒயர், நாலு ஜோடி. வீட்டில் இது ஒரு பிரச்சினையே இல்லை. காரில் ஒவ்வொரு ஒயரும் எடை, ஒவ்வொரு ஒயரும் காசு. அதோடு எஃப்எம் ரேடியோ, ஜிபிஎஸ், சாவியின் ரிசீவர் எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கின்றன. ஒயரிலிருந்து கசியும் அலை அவற்றைக் கெடுத்துவிடக் கூடாது. கசிவைத் தடுக்க ஒயர் மேல் உலோக உறை போடலாம்தான், ஆனால் அதில் எடையும் விலையும் இன்னும் ஏறும்.

ஆகவே உறையே இல்லாத ஒரே ஒரு முறுக்கிய ஜோடியில், இரண்டு திசையிலும் ஒரே நேரத்தில் நொடிக்கு 100 மெகாபிட் (ஒரு மெகாபிட் என்றால் பத்து லட்சம் பிட்) அனுப்ப வேண்டியிருந்தது. பிராட்காம் நிறுவனம் இதற்கென உருவாக்கிய முறைக்கு பிராட்ஆர்-ரீச் என்று பெயர். 2013-ல் பிஎம்டபிள்யூ எக்ஸ்5 அதைச் சுற்றுக் கேமராக்களுக்குப் பயன்படுத்தியது. 2015-ல் அதுவே 100பேஸ்-டி1 என்ற பெயரில், சர்வதேசப் பொறியாளர் அமைப்பான ஐஇஇஇ-யின் தரமானது.

இனி சிப் செய்யும் வேலைக்கு வருவோம். இரண்டு முனையிலும் உள்ள சிப்புகள் அதே ஒயரில் ஒரே நேரத்தில் பேசுகின்றன. நான் பேசிக்கொண்டே நீங்கள் பேசுவதையும் கேட்க வேண்டும் என்றால் என் காதில் விழும் சத்தத்திலிருந்து என் குரலைக் கழித்துவிட வேண்டும் அல்லவா? சிப் அதைத்தான் செய்கிறது. தான் அனுப்பியது என்ன என்று அதற்குத் தெரியும், கனெக்டரில் மோதித் திரும்பி வரும் எதிரொலி எவ்வளவு என்பதையும் அளந்து வைத்திருக்கும், இரண்டையும் கழித்தபின் மிஞ்சுவதுதான் எதிர்முனையின் பேச்சு. ஒயரில் பிளஸ், பூஜ்யம், மைனஸ் என்று மூன்றே மின்னழுத்த நிலைகள். இரண்டு துடிப்பைச் சேர்த்தால் ஒன்பது சேர்க்கை கிடைக்கும், மூன்று பிட்டுக்கு எட்டு போதும். இந்தச் சின்னக் கணக்கால் 100 மெகாபிட்டை நொடிக்கு 6.67 கோடி துடிப்பில் அடக்கிவிடுகிறார்கள். துடிப்பு குறைந்தால் கசிவும் குறையும். எனக்கு இந்தத் துறையில் மிகப் பிடித்த கணக்கு இதுதான்.

சுண்டுவிரல் நகத்தைவிடச் சின்ன சிப். அது மைனஸ் 40 டிகிரியிலிருந்து 105 டிகிரி வரைக்கும், சில இடங்களில் 125 வரைக்கும், வண்டியின் ஆயுள் முழுக்க இந்தக் கழித்தலைத் தப்பில்லாமல் செய்தாக வேண்டும். வீட்டு ரவுட்டரில் இருப்பதைத் தூக்கி இங்கே வைக்க முடியாது.

கேள்வி: முப்பது வருஷமாக எலெக்ட்ரிக்கல் வேலை பார்க்கிறேன். கேன் பஸ் நன்றாகத்தானே ஓடுகிறது? எதற்கு இப்போது அதை மாற்றுகிறார்கள்? (ஆட்டோ எலெக்ட்ரீஷியன், நாமக்கல்)

அண்ணே, காரின் பாகங்கள் ஒன்றுக்கொன்று செய்தி அனுப்பிக்கொள்ளும் பழைய லைனான கேன் எங்கேயும் போகாது. கதவுக் கண்ணாடி, சீட், வைப்பர், எஞ்சின் விவரம் எல்லாம் இன்னும் பல வருஷம் அதில்தான் ஓடும். 1986-ல் பாஷ் நிறுவனம் வெளியிட்ட அந்த இரண்டு ஒயர் ஏற்பாட்டை நான் மனசாரப் பாராட்டுவேன். எந்தச் செய்தி முக்கியமோ அது தானாக முந்திக்கொள்ளும், மற்றது ஒதுங்கிக் காத்திருக்கும், நடுவில் பஞ்சாயத்துப் பண்ண ஆள் வேண்டாம். அவ்வளவு அழகான ஏற்பாடு.

ஆனால் அந்தப் பழைய கேனின் உச்சவேகம் நொடிக்கு 1 மெகாபிட். நீங்கள் கோளாறு பார்க்க ஸ்கேனர் மாட்டும் லைன் பெரும்பாலும் அதில் பாதி. 1 ஜிபி மென்பொருளை அந்த லைனில் ஏற்றுவதாக வைத்துக்கொள்ளுங்கள். 800 கோடி பிட்டை 5 லட்சத்தால் வகுத்தால் 16,000 நொடி, கிட்டத்தட்ட நாலரை மணி நேரம். அதிலும் கேன் செய்தி ஒவ்வொன்றிலும் சரக்கு எட்டு பைட்தான், மீதியெல்லாம் விலாசமும் சரிபார்ப்பும். ஆக இரண்டால் பெருக்கிக்கொள்ளுங்கள், காலையில் மாட்டினால் சாயங்காலம்தான் கழற்ற முடியும். 100 மெகாபிட் ஈத்தர்நெட்டில் அதே சரக்கு ஒன்றரை நிமிடத்தில் வந்து சேரும், அப்புறம் அதை நினைவகத்தில் எழுதும் நேரம்தான் இழுக்கும்.

கேமரா வந்த பிறகு நிலைமையே வேறு. ஃபுல் எச்டி கேமரா ஒன்று, நொடிக்கு 30 படம், ஒரு புள்ளிக்கு 12 பிட் என்று வையுங்கள். சுருக்காமல் அனுப்பினால் நொடிக்குச் சுமார் 75 கோடி பிட். எட்டுக் கேமரா என்றால் 6 கிகாபிட். ஒன்றைச் சொல்லிவிட வேண்டும், பல கார்களில் கேமராவிலிருந்து கம்ப்யூட்டருக்குப் போகும் லைன் ஈத்தர்நெட் இல்லை. ஜிஎம்எஸ்எல், எஃப்பிடி-லிங்க் என்று கேமராவுக்கென்றே இருக்கும் லைன்கள் அவை, நீங்கள் பிரித்துப் பார்த்தால் டிவி கேபிள் மாதிரி வட்டக் கேபிளாக இருக்கும். கம்ப்யூட்டருக்கும் கம்ப்யூட்டருக்கும் நடுவேதான் ஈத்தர்நெட் கொடிகட்டிப் பறக்கிறது. அதற்காகத்தான் 2016-ல் 1 கிகாபிட், 2020-ல் 2.5, 5, 10 கிகாபிட், 2023-ல் 25 கிகாபிட் என்று தரங்கள் வரிசையாக வந்தன.

கேள்வி: "10 கிகாபிட் ஈத்தர்நெட் உள்ள கார்" என்று ஒரு வீடியோவில் சொன்னார்கள். காரில் யூடியூப் அவ்வளவு வேகமாக வருமா? (திருச்சி)

வராது. அது காருக்குள்ளேயே ஓடும் சாலை. யூடியூப் வருவது செல்போன் டவரிலிருந்து. இரண்டுக்கும் சம்பந்தமில்லை.

கேள்வி: ஒரே ஒயரில் வீடியோவும் பாட்டும் பிரேக் செய்தியும் போகும் என்றால், வீடியோவுக்குப் பின்னால் பிரேக் செய்தி மாட்டிக்கொண்டால் என்ன கதி? பயமாக இருக்கிறது. (இல்லத்தரசி, மதுரை)

நீங்கள் கேட்டதுதான் இந்தத் துறையின் மையமான கேள்வி. முதலில் பயத்தைப் போக்கிவிடுகிறேன். இன்று ஓடும் பெரும்பாலான கார்களில் பிரேக்கை மிதித்தால் எண்ணெய் அழுத்தம்தான் சக்கரத்தைப் பிடிக்கிறது, ஈத்தர்நெட்டைக் கேட்டுவிட்டுப் பிடிப்பதில்லை. ஆனால் ரேடாரும் கேமராவும் பார்த்துத் தானாகப் பிரேக் போடும் வண்டிகளில் செய்தி நேரத்துக்கு வந்தே ஆக வேண்டும்.

பழைய ஈத்தர்நெட்டில் அந்த உத்தரவாதம் கிடையாது. ஆபீஸில் ஒரு மெயில் கால் நொடி தாமதமாக வந்தால் யாருக்கும் தெரியாது. 100 மெகாபிட் லைனில் 1,500 பைட் நீளமுள்ள ஒரு தரவுப் பொட்டலம் போய் முடிய 120 மைக்ரோநொடி ஆகும். முன்னால் அப்படி ஒன்று போய்க்கொண்டிருந்தால் அவசரச் செய்தி அத்தனை நேரம் நிற்கத்தான் வேண்டும். நடுவில் செய்தியை வாங்கி உரிய லைனில் திருப்பிவிடும் ஸ்விட்ச் நாலு இருந்தால் ஒவ்வொன்றிலும் நிற்கும். கிகாபிட்டில் இது 12 மைக்ரோநொடியாகக் குறையும். அதனால்தான் சிலர் வேகத்தைக் கூட்டினாலே போதும் என்கிறார்கள். நான் அதை ஒப்புக்கொள்ள மாட்டேன். சாலையை அகலப்படுத்தினால் நெரிசல் குறையும், ஆனால் ஆம்புலன்ஸ் எத்தனை மணிக்கு வந்து சேரும் என்று யாரும் எழுதிக் கொடுக்க முடியாது.

எழுதிக் கொடுப்பதற்கு வழி கண்டார்கள், அதன் பெயர் டிஎஸ்என் (டைம்-சென்சிடிவ் நெட்வொர்க்கிங், அதாவது நேரம் தவறாத வலையமைப்பு). முதலில் வண்டியிலுள்ள எல்லாச் சிப்பும் தங்கள் கடிகாரத்தை ஒன்றோடொன்று ஒத்துவைக்கின்றன, வித்தியாசம் ஒரு மைக்ரோநொடிக்கும் கீழே. அப்புறம் ஸ்விட்ச் சிப்புக்குள் ரயில்வே எல்.சி. கேட் மாதிரி ஒரு ஏற்பாடு. பாதுகாப்புச் செய்தி வரவேண்டிய நேரம் முன்பே தெரியும், அந்த நேரத்துக்குச் சற்று முன்பே வீடியோவுக்கும் பாட்டுக்கும் கேட்டைச் சாத்திவிடும். லைன் காலியாக இருக்கும்போது முக்கியச் செய்தி நிற்காமல் கடந்துபோகும், பிறகு கேட் திறக்கும். இது ஒரு நொடிக்குள் ஆயிரக்கணக்கான தடவை நடக்கும். நேரம் முன்கூட்டியே தெரியாத அவசரத்துக்கு இன்னொரு வழி, பாதி போன நீளப் பொட்டலத்தை அப்படியே நிறுத்திவைத்து, அவசரச் செய்தியை விட்டுவிட்டு, மீதியைத் தொடர்ந்து அனுப்புவது.

ஒயரே அறுந்துபோனால்? ஒரே செய்தியை இரண்டு வெவ்வேறு பாதையில் அனுப்புவார்கள். முதலில் வந்ததை எடுத்துக்கொண்டு அடுத்து வருவதைச் சிப் தூக்கி எறிந்துவிடும். ஒரு பாதை அறுந்தாலும் செய்தி தொலைந்துபோகாது.

இத்தனையும் ஸ்விட்ச் சிப்பில் வன்பொருளாகவே இருக்க வேண்டும், மென்பொருளில் செய்தால் அந்தத் துல்லியம் வராது. எத்தனை கிகாபிட் என்று கேட்பதற்கு முன் இதெல்லாம் உள்ளதா என்று கேளுங்கள்.

கேள்வி: பின்பக்கம் இடிபட்டு ஒயரைச் சேர்த்துக் கொடுத்த ஒரு வண்டியில் கேமரா அவ்வப்போது உறைந்து நிற்கிறது. ஒயரில் கரண்ட் போகிறது, மல்டிமீட்டரில் எல்லாம் சரி. வேறென்ன பார்ப்பது? (மெக்கானிக், ஓசூர்)

தம்பி, இந்தக் கேள்வியை நீங்கள் அனுப்பியதற்கு நன்றி, ஏனென்றால் இதே கதை என் மைத்துனர் வண்டியில் நடந்தது. பம்பர் மாற்றிய பட்டறையில் (எது என்று சொல்லப்போவதில்லை, அவர்கள் மேல் தப்பும் இல்லை, யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை) அறுந்திருந்த ஜோடியை வழக்கம்போலச் சேர்த்திருந்தார்கள். வீட்டு வாசலில் நிற்கும்போது கேமரா தெளிவாகத் தெரிந்தது. ஏசியைப் போட்டு ஹெட்லைட்டையும் போட்டுப் பின்னால் எடுத்தால் படம் உறையும். மூன்று வாரம் அலைந்தார், கேமராவையே மாற்றினார், சரியாகவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நானே தரை விரிப்பைத் தூக்கிப் பார்த்தேன். இரண்டு மெல்லிய ஒயர், சேர்த்த இடத்தில் ஒரு சாண் நீளத்துக்கு முறுக்கைப் பிரித்து, ஒன்றை ஒரு பக்கமும் இன்னொன்றை மறுபக்கமுமாகத் தனித்தனியே இன்சுலேஷன் டேப் சுற்றியிருந்தார்கள். சுத்தமான வேலை, சால்டர் நேர்த்தி. அதுதான் கோளாறு!

முறுக்கு இருப்பது கட்டுக்கோப்புக்காக மட்டும் இல்லை. மோட்டாரிலிருந்தும் ஆல்டர்னேட்டரிலிருந்தும் வரும் இரைச்சல் இரண்டு ஒயரிலும் ஒரே அளவில் விழவேண்டும், அப்போதுதான் சிப் ஒன்றிலிருந்து மற்றொன்றைக் கழித்து இரைச்சலை ஒழிக்க முடியும். பிரித்துவிட்டால் ஒன்றில் அதிகம் விழும், மற்றொன்றில் குறைவாக விழும். அதோடு அந்த ஜோடி நெடுக 100 ஓம் என்ற கணக்கில் வடிவமைத்தது. முறுக்கு விட்ட இடத்தில் கணக்கு மாறுவதால் அங்கே அலை மோதித் திரும்பும், நாம் முதலில் பார்த்த எதிரொலி பெருகும். கேனில் இதே வேலையைச் செய்தால் அநேகமாகத் தாங்கிக்கொள்ளும். அதனால்தான் அனுபவசாலிகள்தான் இதில் அதிகம் ஏமாறுகிறார்கள்.

மல்டிமீட்டர் இங்கே உதவாது. கேனில் இரண்டு ஒயருக்கும் நடுவே 60 ஓம் காட்டினால் லைன் சரி என்று முடிவு கட்டுவோம். இதில் ஒயர் சிப்பைச் சேரும் வழியில் கன்டென்சர் இருப்பதால் அந்தக் கணக்கு செல்லாது. ஒயர் அறவில்லை என்பதை மட்டும் மீட்டர் சொல்லும், அலை ஒழுங்காகப் போகிறதா என்று சொல்லாது. அதைச் சொல்வது சிப்தான். லைனின் தரத்துக்கு 0 முதல் 7 வரை மதிப்பெண் போடும் வசதி இந்தச் சிப்புகளில் இருக்கிறது, எஸ்கியூஐ என்பார்கள். ஸ்கேனரில் அந்த எண் தெரிந்தால் ஏசியைப் போட்டு, லைட்டைப் போட்டு, ஒயரை ஆட்டிப் பாருங்கள். எப்போது விழுகிறது என்று பார்த்தாலே கோளாறு எங்கே என்று புரிந்துவிடும். கம்பெனி சர்வீஸ் ஸ்கேனரில் மட்டும் இதைக் காட்டிவிட்டு வெளிப் பட்டறைகளுக்கு மறைப்பது நியாயமே இல்லை என்பது என் திடமான கருத்து. வண்டி வாங்கியவருக்குத் தன் ஒயரின் நிலையைத் தெரிந்துகொள்ள உரிமை உண்டு.

உங்கள் வண்டிக்கு: ஒயரைச் சேர்க்காதீர்கள், அந்தத் துண்டை கனெக்டரிலிருந்து கனெக்டர் வரை முழுசாக மாற்றுங்கள். கனெக்டர் வாயருகேகூட முறுக்கை எவ்வளவு குறைவாகப் பிரிக்க முடியுமோ அவ்வளவுதான் பிரிக்க வேண்டும். மைத்துனர் வண்டியில் அதைச் செய்தபின் இன்றுவரை படம் உறையவில்லை.

கேள்வி: இன்ஃபினியான் நிறுவனம் மார்வெல்லின் கார் ஈத்தர்நெட் பிரிவை 250 கோடி டாலருக்கு வாங்கியதாகப் படித்தேன். அவ்வளவு மதிப்பா இதற்கு? (வங்கி ஊழியர், சேலம்)

2025 ஏப்ரலில் அறிவித்து ஆகஸ்டில் முடித்த கைமாற்று அது. அந்தப் பிரிவின் எதிர்பார்த்த ஆண்டு வருமானம் 22.5 முதல் 25 கோடி டாலர், அதாவது வருமானத்தைப் போலப் பத்து மடங்கு விலை. பங்கு வாங்கலாமா என்று என்னைக் கேட்காதீர்கள், அது என் வேலை இல்லை. ஏன் கொடுத்தார்கள் என்பது மட்டும் புரிகிறது. மியூனிக் பக்கத்தில் இருக்கும் இன்ஃபினியான், கார் கட்டுப்பாட்டுச் சிப்புகளில் முன்னணி நிறுவனம், ஆனால் அந்த மூளைகளை இணைக்கும் அதிவேகச் சாலை அதனிடம் அப்போது இல்லை. மார்வெல்லிடம் 100 மெகாபிட்டிலிருந்து 10 கிகாபிட் வரைக்கும் சிப்புகளும், 50-க்கும் மேற்பட்ட கார் கம்பெனிகளும் கையில் இருந்தன. கார் கம்பெனி ஒரு சிப்பைத் தேர்ந்தெடுத்துவிட்டால் அந்த மாடல் ஓடும் வரைக்கும் மாற்றாது, அந்த உறவுக்குத்தான் விலை.

இன்னொரு காரணம், வண்டியின் உள்கட்டமைப்பே மாறுகிறது. முன்பு ஒவ்வொரு வேலைக்கும் ஒரு கட்டுப்பாட்டுப் பெட்டி, ஒவ்வொரு பெட்டிக்கும் ஒரு ஒயர்க்கட்டு. இப்போது முன்பக்கம், இடப்பக்கம், வலப்பக்கம் என்று இடவாரியாக ஒரு பெட்டி வைத்து, பெட்டிகளுக்கு நடுவே ஈத்தர்நெட் போடுகிறார்கள். அமெரிக்காவின் மின்சார வண்டி நிறுவனமான ரிவியன் 2024-ல் தன் ஆர்1 வண்டிகளை இப்படி மாற்றியபோது 17 பெட்டி 7 ஆனது, 2.6 கிலோமீட்டர் ஒயர் மிச்சமானது, ஒயரில் மட்டும் 20 கிலோ எடை குறைந்தது. ஒரு கேஸ் சிலிண்டரைத் தூக்கிப் பார்த்தவர்களுக்கு 20 கிலோ என்றால் என்னவென்று தெரியும்.

கேள்வி: ஈத்தர்நெட் வந்தால் ஹேக்கர்களுக்குக் கொண்டாட்டம்தானே? (சென்னை)

பாதி உண்மை. இணையத்தில் பழகிய கருவிகள் இங்கேயும் வேலை செய்யும், அது ஆபத்துதான். ஆனால் 2015-ல் இரண்டு ஆராய்ச்சியாளர்கள் ஒரு ஜீப் செரோக்கியைத் தூரத்திலிருந்தே கட்டுப்படுத்திக் காட்டி, 14 லட்சம் வண்டிகளைத் திரும்ப அழைக்க வேண்டிவந்ததே, அதில் கடைசியாகக் கட்டளை போனது பழைய கேன் வழியாகத்தான். கேனில் செய்தி யாரிடமிருந்து வந்தது என்று கேட்கும் வழக்கமே கிடையாது. ஈத்தர்நெட் ஸ்விட்ச் ஒரு செக்போஸ்ட் மாதிரி. பாட்டுப்பெட்டியிலிருந்து ஸ்டியரிங்குக்குப் போகும் செய்தியை அங்கேயே நிறுத்தலாம், மேக்செக் முறையில் ஒவ்வொரு பொட்டலத்துக்கும் முத்திரை குத்தலாம். வசதி இருக்கிறது, அதை முடுக்கி வைப்பது கார் கம்பெனியின் கையில்.

கேள்வி: டிப்ளமோ முடித்திருக்கிறேன். இதைக் கற்றுக்கொள்ள ஆசை, ஆனால் இந்தக் கருவிகள் விலை பயமுறுத்துகிறது. எங்கிருந்து தொடங்குவது? (விழுப்புரம்)

கருவி வாங்காமலே தொடங்கலாம். பழைய லேப்டாப்பில் லினக்ஸ் போடுங்கள். அதில் நிஜ ஒயரே இல்லாமல் ஒரு கற்பனைக் கேன் லைனை உருவாக்கும் வசதி உண்டு, விகேன் என்று பெயர். அதில் செய்தி அனுப்பி வாங்கிப் பழகுங்கள். ஒயரில் போகும் செய்திகளைப் பிடித்துக் காட்டும் வயர்ஷார்க் மென்பொருள் இலவசம், கார்களில் ஓடும் டிஓஐபி, சம்ஐபி செய்திகளைக்கூடப் பிரித்துக் காட்டும். அப்புறம் இன்னொரு லேப்டாப்பை நண்பரிடம் கடன் வாங்கி, சாதாரண நீலக் கேபிளால் இணைத்து, லினக்ஸ்பிடிபி கொண்டு இரண்டின் கடிகாரத்தையும் ஒத்துவையுங்கள். நான் மேலே சொன்ன எல்.சி. கேட் வேலையையும் லினக்ஸே செய்யும், டேப்ரியோ என்று தேடுங்கள். ஒரு பக்கம் பெரிய ஃபைலை அனுப்பிக்கொண்டே மறுபக்கம் சின்னச் செய்தியின் தாமதத்தை அளந்து, கேட் இல்லாமல் எவ்வளவு, கேட்டோடு எவ்வளவு என்று ஒரு நோட்டில் குறித்துவையுங்கள். அந்த நோட்டோடு எனக்கு எழுதுங்கள், அடுத்த இதழில் போடுகிறேன்.